செல்போனுக்கு வரும் ‘வயது வந்தோர்’ படங்கள்



போன மாதம் குழுக் கூட்டம் முடிந்ததும் ஒரு அக்கா என்னைத் தனியாகக் கூப்பிட்டு போனைக் காட்டினார். “மாசா மாசம் கணக்குல இருந்து 149 ரூபா போகுது மேடம், எதுக்குன்னே தெரியல.” பார்த்தால், ‘வயது வந்தோருக்கு மட்டும்’ என்று படம் காட்டும் ஒரு செயலிக்குச் சந்தா! அந்தப் போனை வீட்டில் நான்கு பேர் எடுக்கிறார்கள். யார் என்று கேட்டு சண்டை போடாதீங்க என்று சொல்லிவிட்டு, பணம் அனுப்பும் செயலியில் ‘ஆட்டோபே’ என்ற இடத்துக்குப் போய் ரத்து செய்து கொடுத்தேன். படச் செயலியை அழித்தால் மட்டும் பணம் போவது நிற்காது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

“இதுக்கெல்லாம் சென்சார் கிடையாதா?” என்று அந்த அக்கா கேட்டார். தியேட்டருக்கு வரும் சினிமாவுக்கு 1952-ஆம் வருடச் சட்டப்படி தணிக்கைச் சான்றிதழ் வேண்டும். இணையம் வழியாக நேராகப் போனுக்கு வரும் ‘ஓடிடி’ படங்களுக்கு அது கிடையாது. 2021 பிப்ரவரியில் மத்திய அரசு இதற்கென விதிகள் கொண்டுவந்தது. அதன்படி 7+, 13+, 16+, ‘ஏ’ என்று நிறுவனமே வயது குறிக்க வேண்டும். 13+ முதல் பெற்றோர் பூட்டு வசதியும் தர வேண்டும். ஆனால் ஆபாசத்தை மட்டுமே நம்பிக் கடை விரித்த சின்னச் செயலிகளும் வந்தன.

2024 மார்ச்சில் இப்படிப்பட்ட 18 தளங்களை அரசு முடக்கியது. அதில் ஒன்றை மட்டும் 1 கோடிக்கும் மேல் பதிவிறக்கம் செய்திருந்தார்கள். ஆசிரியர் மாணவர் உறவு, குடும்ப உறவு இவற்றைக்கூட அசிங்கமாகக் காட்டியதாக அரசு சொன்னது. 2025 ஜூலையில் உல்லு, ஆல்ட் உட்பட 25 தளங்கள் முடக்கப்பட்டன.

பெண்ணை இழிவாகக் காட்டி காசு பார்ப்பதை நிறுத்தியது எனக்குச் சரியாகத்தான் படுகிறது. ஆனாலும் எது ஆபாசம் என்று யார் முடிவு செய்வது என்ற கேள்வி இருக்கிறது. மாதவிடாய் பற்றிப் படம் போட்டுக் காட்டியபோதே “இதென்ன அசிங்கம்” என்று எழுந்து போனவர்கள் நம் ஊரிலேயே உண்டு. முடக்கும் அதிகாரம் அந்தப் பக்கமும் திரும்பலாம் இல்லையா?

தடை போட்டதோடு முடியவில்லை. முடக்கிய செயலியின் பெயரைச் சொல்லி வாட்ஸ்அப்பில் லிங்க் வரும். தொட்டால் போனில் உள்ள நம்பர்கள், போட்டோக்கள் எல்லாவற்றையும் பார்க்க அனுமதி கேட்கும். கொடுத்துவிட்டால் மிரட்டிப் பணம் கேட்கவும் வழியாகிவிடும். அப்படி நடந்தால் அசிங்கம் என்று மறைக்காமல் 1930-க்கு உடனே போன் செய்யுங்கள். குழந்தைகளை வைத்து எடுத்த ஆபாசப் படம் என்றால் போனில் வைத்திருப்பதே குற்றமாகும். சென்னையில் பதிவான ஒரு வழக்கில் 2024 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது.

பிளே ஸ்டோரில் வயதுப் பூட்டு போடும் வசதி இருக்கிறது. அதற்கான நம்பரைப் பிள்ளைகளிடம் சொல்லாதீர்கள். அடுத்த கூட்டத்துக்குப் போனைக் கொண்டு வாருங்கள், சேர்ந்து போட்டுப் பார்ப்போம்.