‘மறவாதே’ மலரும் நம் கருவிளையும்

மலர்களுள் தன் பெயரையே ஒரு வேண்டுகோளாகக் கொண்டது ஒன்று உண்டு. ஆங்கிலேயரும் ஜெர்மானியரும் தத்தம் மொழியில் ‘என்னை மறவாதே’ என வழங்கும் சிறு நீலமலரே அஃது. ஐந்து இதழும் நடுவே மஞ்சள் நிறக் கண்ணும் உடைய அம்மலரைப் படத்திற் கண்டு, அதன் விதையைத் தருவித்துத் தம் இல்லத் தோட்டத்தில் இட விரும்புவார் நம்மிடையேயும் உளர். ஆயின் அச்செடி குளிர்நாட்டது; ஈரமும் தண்மையும் வேண்டுவது. உதகை போன்ற உயர்ந்த மலையூர்களுக்கே அஃது ஏற்கும். கடையநல்லூரோ குற்றாலத்துக்கு அண்மையதாயினும், மலையடிவாரத்துச் சமவெளியூர். பங்குனி சித்திரை வெயிலில் அம்மென்செடி ஈண்டு நில்லாது. அங்ஙனமாயின், நீலமலரை விரும்பும் இவ்வூரார் செய்யத்தக்கது யாது? நம் வேலிகளிலே படரும் கருவிளையை வித்திட்டு வளர்த்தலேயாம்.

கருவிளை என்பது இந்நாளில் காக்கணம் எனவும் சங்குப்பூ எனவும் வழங்குங் கொடி. குறிஞ்சிப்பாட்டில், தலைவியும் தோழியும் அருவியாடிப் பன்மலர் கொய்து பாறையிற் குவித்தமையைக் கபிலர் கூறுமிடத்து, 99 மலர்களின் பெயர் நிரலே வருதல் தமிழ் பயில்வார் அறிந்ததே. அவற்றுள் வெள்ளைப் பூவாகிய செருவிளையும் நீலப் பூவாகிய கருவிளையும் அடுத்தடுத்து நிற்கின்றன. டாக்டர் உ. வே. சாமிநாதையரவர்கள் 1889இல் பத்துப்பாட்டை நச்சினார்க்கினியர் உரையோடு அச்சேற்றித் தந்தனர். அதனால் அப்பெயர்களையெல்லாம் நாம் எளிதிற் கற்கின்றோம். பெயரை மனனஞ் செய்து தேர்வெழுதும் நாம் பூவைக் கண்டவிடத்து இன்னதென்று அறியேமாயின், அக்கல்வி பாதிக் கல்வியே. அறிதற்கு நல்வழி, விதையூன்றி வளர்த்துப் பார்த்தலாகும்.

இனி, வளர்க்கும் முறையைக் கூறுவாம். கருவிளை விதையை ஊன்றிப் பன்னாள் காத்திருந்தும் முளை காணாது, விதை சொத்தையென்று கைவிடுவார் உளர். விதை பெரும்பாலும் சொத்தையன்று. அதன் தோலே கடிது. பயற்றினத்தைச் சார்ந்த செடிகள் பலவற்றின் விதைத்தோல் நீரை எளிதில் உட்புக விடாது. மழையற்ற காலத்து முளைத்து மடியாதபடி, தக்க பருவம் வருமளவும் உள்ளிருக்கும் கருவைக் காக்கும் ஏற்பாடு இஃது. ஆதலின் விதையின் ஒரு பக்கத்தைச் சொரசொரப்பான கல்லிலேனும் உப்புத்தாளிலேனும் மெல்லத் தேய்த்தல் வேண்டும். காயிலே ஒட்டியிருந்த தழும்புள்ள பக்கத்தைத் தேய்த்தலாகாது. முளை அதனருகே உள்ளது. தேய்த்தவற்றை ஓரிரவு நீரில் ஊறவிடுக. காலையிற் பருத்திருப்பன ஊன்றத்தக்கன. பருக்காதவற்றை மீண்டும் தேய்த்து ஊறவைக்கலாம்.

ஊன்றுதற்குரிய பருவமும் கருதத்தக்கது. ஆனி ஆடியிற் குற்றாலச் சாரலோடு வரும் காற்று வலிது, இளங்கொடியை அலைக்கும். ஆடிக் கடைசியிலேனும் ஆவணியிலேனும் ஊன்றினால், ஐப்பசி கார்த்திகைப் பெருமழைக்குமுன் கொடி வேரூன்றி நிற்கும். இதன் ஆணிவேர் ஆழச் செல்வதாகலின், நாற்றாக வளர்த்துப் பிடுங்கி நடுதல் நன்றன்று. நிற்கவேண்டிய இடத்திலேயே அரை அங்குல ஆழத்தில், ஓரடி இடைவிட்டு ஊன்றுக. தொட்டியாயின் அடியில் துளையிருத்தல் இன்றியமையாதது. நீர் தேங்கின் வேர் அழுகும். ஒன்றிரண்டு வாரத்தில் முளை தோன்றும். நல்ல வெயில் படும் வேலியோ, மூங்கிற் பந்தலோ, கயிறோ பற்றுக்கோடாக இருத்தல் வேண்டும்.

எருவை மிகுதியாக இடவேண்டுவதில்லை. இக்கொடியின் வேர் முடிச்சுகளில் வாழும் நுண்ணுயிர்கள் காற்றிலுள்ள நைட்ரஜனைச் செடிக்கு உணவாக மாற்றித் தருகின்றன. அதனால் மண்ணும் வளம்பெறும். தழையெரு மிகின் இலை தழைக்குமேயன்றிப் பூ மிகாது. ஏறக்குறைய இரண்டு திங்களிற் பூக்கத் தொடங்கும்.

பூத்தபின் கண்டு மகிழத்தக்கவை இரண்டு. பயற்றினப் பூக்களிற் பெரிய இதழ் மேலே கொடிபோல் நிமிர்ந்து நிற்பது வழக்கம். கருவிளையிலோ பூவே தலைகீழாகத் திரும்பி, அவ்விதழ் கீழே விரிந்திருக்கும். மற்றொன்று நிறம். நீலப் பூவை வெந்நீரிலிட்டால் நீர் நீலமாகும். அதில் எலுமிச்சஞ் சாறு சில துளி விடின் ஊதாவாகும். மேலும் விடின் சிவக்கும். நம் இரசாயனக் கூடத்தில் லிட்மஸ் தாள் செய்யும் வேலையை வேலியோரப் பூவும் செய்கின்றது.

காய்கள் தட்டையானவை. பழுப்பேறி உலர்ந்தவுடன் கொய்துவிடுக. தாமதித்தால் முறுக்குண்டு வெடித்து விதை சிதறும். இப்பூ பெரும்பாலும் தன் மகரந்தத்தாலேயே கருக்கொள்வதால், நீலக் கொடியின் விதை நீலமாகவே பூத்தல் இயல்பு. விதையும் வேரும் பேதியுண்டாக்குவன. சிறுவர் வாயிலிடாதபடி உறையிலிட்டுப் பெயரெழுதிக் காத்தல் நலம்.

அயல்நாட்டு மலரை விரும்புதல் குற்றமன்று. ஆயினும் ‘மறவாதே’ என்று வேண்டும் மலரைத் தேடும் நாம், ஒன்றும் வேண்டாமலே நம் வேலியில் நிற்பதனை மறத்தல் தகுமோ? விடுமுறைக்கு ஊர் செல்லும் மாணவர் ஒவ்வொருவரும் உலர்ந்த காய் நான்கு கொணர்வாராயின், நம் கல்லூரி மதிலோரத்திற் கருவிளையும் செருவிளையும் அருகருகே பூக்கும். குறிஞ்சிப்பாட்டின் ஓரடியையேனும் கண்ணாலே கற்கலாகும்.