பட்டியலின் கடைசிப் பெயர்

2022 ஜூலை 28 முதல் ஆகஸ்ட் 10 வரை 44ஆவது செஸ் ஒலிம்பியாட் நம் செங்கல்பட்டு மாவட்டத்தின் மாமல்லபுரத்தில் நடைபெற்றது. சிங்கப்பெருமாள் கோயில் பகுதி மாணவர்களுக்கு அது பக்கத்து ஊர்த் திருவிழாதான். வேட்டி கட்டிய குதிரையான 'தம்பி'யின் படத்தை அவர்கள் தங்கள் நோட்டு அட்டைகளில் வரைந்து வைத்திருந்தார்கள். ஆனந்த், பிரக்ஞானந்தா, குகேஷ், வைஷாலி என்று பெயர்களை வரிசையாகச் சொன்னார்கள். "இவர்களுக்கெல்லாம் முன்னால் யார்?" என்று கேட்டால் வகுப்பு அமைதியாகிவிடும்.

அந்தக் கேள்விக்கான விடை மானுவல் ஆரோன். இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர். நம் வகுப்பறைகளில் அவரைப் பற்றிச் சொல்ல வேண்டும் என்று நான் நினைப்பதற்குக் காரணம் அவர் பெற்ற வெற்றிகள் மட்டுமல்ல; ஒரு பெரிய போட்டியில் அவர் கடைசி இடம் பெற்றதும்தான்.

தொடக்கம்

ஆரோன் 1935 டிசம்பர் 30 அன்று பர்மாவில் உள்ள டாங்கூவில் பிறந்தார். வளர்ந்தது தமிழ்நாட்டில். 1959இல் முதன்முறையாகத் தேசிய சாம்பியன் ஆனார். 1981 வரை மொத்தம் ஒன்பது முறை அந்தப் பட்டத்தை வென்றார்.

அவர் ஆடத் தொடங்கிய காலத்தில் நம் நாட்டில் சதுரங்கம் எங்கும் ஒரே மாதிரி ஆடப்படவில்லை. ஊருக்கு ஊர் விதிகள் மாறின. பல இடங்களில் சிப்பாய் முதல் நகர்வில் ஒரு கட்டம் மட்டுமே போகலாம். இன்று நாம் 'கேஸ்லிங்' என்று சொல்லும் நகர்வுக்குப் பதிலாக, ஒருமுறைகூட 'செக்' வாங்காத ராஜா ஒரே ஒருமுறை குதிரையைப் போலத் தாவலாம். வீட்டுத் திண்ணையில் ஆட இந்த விதிகள் போதும். ஆனால் வெளிநாட்டுப் போட்டிக்குப் போகும் ஆட்டக்காரருக்கு, தாம் கற்றதில் பாதியை மறந்துவிட்டுப் புதிதாகக் கற்க வேண்டிய நிலை. சர்வதேச விதிகளை இங்கே பரப்பியதிலும், ஆட்டத் தொடக்கங்களைப் புத்தகம் வைத்துப் படிக்கும் பழக்கத்தை உண்டாக்கியதிலும் ஆரோனுக்குப் பெரும் பங்கு உண்டு.

ஸ்டாக்ஹோம், 1962

1961இல் மங்கோலிய வீரரையும், பிறகு ஆஸ்திரேலியாவின் செசில் பர்டியையும் ஆரோன் வென்றார். பர்டி சாதாரண ஆள் இல்லை. அஞ்சல்வழிச் சதுரங்கத்தின் முதல் உலக சாம்பியன். அவரை ஆரோன் 3–0 என்று வீழ்த்தினார். இதனால் சர்வதேச மாஸ்டர் பட்டம் கிடைத்தது. அர்ஜுனா விருது பெற்ற முதல் சதுரங்க வீரர் என்ற பெருமையும் அவரைச் சேர்ந்தது. கூடவே, 1962 தொடக்கத்தில் ஸ்வீடன் தலைநகர் ஸ்டாக்ஹோமில் நடந்த இன்டர்சோனல் போட்டியில் ஆடும் தகுதியும் கிடைத்தது. உலக சாம்பியனுடன் மோதப்போகிறவரைத் தேர்ந்தெடுக்கும் வழியில் அது ஒரு முக்கியமான படி.

அங்கே ஆடியவர்கள் 23 பேர். ஒவ்வொருவருக்கும் 22 ஆட்டங்கள். முதலிடம் பெற்ற பாபி ஃபிஷருக்கு அப்போது வயது 18. அடுத்த ஆண்டே உலக சாம்பியன் ஆன டிக்ரான் பெட்ரோசியனும் அந்தக் களத்தில் இருந்தார். பலருக்குப் பின்னால் மன்றங்கள், பயிற்சியாளர்கள், அச்சிட்ட ஆட்டக் குறிப்புகள் என்று ஒரு முழு ஏற்பாடே இருந்தது. குறிப்பாக சோவியத் நாட்டில், 1925இல் மாஸ்கோவில் அரசே சர்வதேசப் போட்டி நடத்திய காலத்திலிருந்து சதுரங்கம் மக்கள் கல்வியின் பகுதியாக வளர்க்கப்பட்டிருந்தது. ஆரோனுக்கு அப்படிப்பட்ட பின்புலம் எதுவும் இல்லை.

முடிவில் ஆரோன் பெற்றது 23ஆவது இடம். பட்டியலை மட்டும் பார்த்தால் கதை அங்கே முடிந்துவிடும். கட்டம் கட்டமாக உள்ளே பார்த்தால் வேறொன்று தெரியும். ஹங்கேரியின் லாயோஸ் போர்டிஷ், கிழக்கு ஜெர்மனியின் வுல்ஃப்கேங் உல்மன் ஆகிய இருவரையும் அவர் தோற்கடித்திருந்தார். இருவரும் உலகத் தரம் வாய்ந்தவர்கள். அவர்களை வெல்லும் திறமை அவரிடம் இருந்தது. ஏறத்தாழ ஆறு வாரம் அதே தரத்தில் ஆடுவதற்கான தயாரிப்பு நாட்டில்தான் இல்லை. இந்தியாவுக்கு இரண்டாவது சர்வதேச மாஸ்டர் கிடைக்க 1970களின் இறுதி வரை காத்திருக்க வேண்டியிருந்தது என்பதே அதற்குச் சான்று.

ஒரு மன்றம் செய்த வேலை

இல்லாத அந்தப் பின்புலத்தை உருவாக்குவதில் ஆரோன் இறங்கினார். 1972இல் சென்னையில், சோவியத் கலாச்சார மையத்தில் ஒரு சதுரங்க மன்றம் தொடங்கப்பட்டது. 1960இல் உலக சாம்பியனான மிகைல் தாலின் பெயரை அதற்கு வைத்தார்கள். புத்தகம், பலகை, கடிகாரம், தன்னைவிட வலுவான எதிராளி: ஓர் இளம் ஆட்டக்காரருக்குத் தேவையான நான்கும் ஒரே இடத்தில் கிடைத்தன.

ஆறு வயதில் தாய் சுசீலாவிடம் ஆட்டம் கற்ற விஸ்வநாதன் ஆனந்த், சிறுவனாக இருந்தபோது ஆடப் பழகியது இந்த தால் மன்றத்தில்தான். 1987இல் உலக ஜூனியர் சாம்பியன். 1988இல் இந்தியாவின் முதல் கிராண்ட் மாஸ்டர். அதன்பின் உலக சாம்பியன். அவரைப் பார்த்து வளர்ந்த தலைமுறைதான் மாமல்லபுரத்தில் ஆடியது. அங்கே ஓபன் பிரிவில் இந்தியாவின் இரண்டாவது அணியும், பெண்கள் பிரிவில் முதல் அணியும் வெண்கலம் பெற்றன. முதல் பலகையில் தங்கம் வென்ற குகேஷ், 2024 டிசம்பரில் தமது 18ஆவது வயதில் உலக சாம்பியன் ஆனார்.

நம் வகுப்பறைக்கு

ஒலிம்பியாடை ஒட்டி அரசுப் பள்ளி மாணவர்களுக்குச் சதுரங்கப் போட்டிகள் நடத்தப்பட்டபோது, முதல் சுற்றிலேயே தோற்று வந்த ஏழாம் வகுப்பு மாணவி ஒருத்தி என்னிடம், "இதெல்லாம் கிளாஸ் போற பசங்களுக்குத்தான் வரும்" என்றாள். அவளுக்கு நான் ஸ்டாக்ஹோம் பட்டியலைக் கரும்பலகையில் எழுதிக் காட்டினேன். கடைசிப் பெயரைக் காட்டி, இவர் யாரை வென்றார் என்று சொன்னேன். பிறகு, "நீ எத்தனையாவது நகர்வில் தோற்றாய்?" என்று கேட்டேன். அவளுக்குத் தெரியவில்லை. ஆட்டத்தை யாரும் எழுதிவைக்கக் கற்றுத் தரவில்லை. அங்கிருந்துதான் எங்கள் வேலை தொடங்கியது.

எங்கள் பள்ளியில் பயன் தந்த மூன்று வழிகளைச் சொல்கிறேன்.

முதலாவது, நகர்வுகளை எழுதுதல். ஏ முதல் எச் வரை எழுத்து, 1 முதல் 8 வரை எண். கட்டத்தின் பெயரைச் சொல்லப் பழகிய குழந்தைக்கு உயர் வகுப்பில் வரைபடத் தாளின் ஆயத்தொலைவுகள் புதிதாகத் தோன்றாது. எழுதிய ஆட்டத்தைத் திரும்ப ஆடிப் பார்த்தால், எந்த இடத்தில் சறுக்கியது என்பதை மாணவரே கண்டுபிடிப்பார்.

இரண்டாவது, சிப்பாய் ஆட்டம். தொடக்கநிலை மாணவர்களுக்குச் சிப்பாய்களை மட்டும் அடுக்கிக் கொடுங்கள். எதிர்முனையை முதலில் தொடுபவர் வெற்றி. ஒரே பாடவேளையில் வகுப்பு முழுவதும் ஆடிவிடலாம். பலகை இல்லையென்றால் தரையில் சுண்ணக்கட்டியால் 64 கட்டம் வரைந்து, புளியங்கொட்டையும் கூழாங்கல்லும் வைத்துக்கொள்ளலாம்.

மூன்றாவது, பதிவேட்டில் ஒரு கூடுதல் பத்தி. போட்டி முடிந்ததும் மாணவர் பெற்ற இடத்தோடு, 'யாரை வென்றார்', 'எத்தனை நகர்வு தாக்குப்பிடித்தார்' என்பதையும் எழுதுங்கள். சென்ற மாதம் 12 நகர்வில் தோற்றவர் இந்த மாதம் 30 நகர்வில் தோற்றால், அது வளர்ச்சி. தரவரிசையில் அது தெரியாது. இந்தப் பத்தியில் தெரியும்.

இந்தப் பழக்கம் சதுரங்கத்தோடு நிற்க வேண்டியதில்லை. தேர்வு முடிவுப் பட்டியலில் கடைசியில் இருக்கும் மாணவர் எந்தக் கணக்கைச் சரியாகப் போட்டிருக்கிறார், அடுத்த கணக்குக்கு அவருக்கு என்ன உதவி கிடைக்கவில்லை என்று பார்க்க நமக்கு ஐந்து நிமிடம் போதும். வரும் பருவத்தில் முதல் விடைத்தாள் கட்டைப் பிரிக்கும்போது, அடியில் இருக்கும் தாளிலிருந்து தொடங்கிப் பாருங்கள்.