முன் பிரேக் ‘கீச்’னு கத்துதா? இப்பவே பேட் மாத்தினா டிஸ்க் தப்பிக்கும்

ஒரகடம் ரோட்டுல முன்னாடி போற கன்டெய்னர் லாரி திடீர்னு நின்னா, நம்ம செடானோட முன்பக்க பிரேக்தான் பெரும்பாலான வேலையைப் பார்க்குது. பிரேக் பிடிச்சதும் வண்டியோட எடை முன்னாடி சாயும். இன்ஜினும் அங்கேதான் இருக்கு. அதனால முன் பேட்தான் சீக்கிரம் தேயும்.

புது பேட்ல உரசுற பகுதி சுமார் 10 மி.மீ. இருக்கும். 3 மி.மீ. ஆயிட்டா மாத்திடுங்க. அதுக்கு மேலயும் தேய்ஞ்சா, பல பேட்கள்ல இருக்கிற சின்னத் தகடு டிஸ்க்ல உரசிக் கத்தும். பாட்டைச் சத்தமா வெச்சுட்டு, "அடுத்த சம்பளம் வரட்டும்"னு ஓட்டினா, இரும்பும் இரும்பும் உரசி டிஸ்க்கும் போயிடும். பேட் மட்டும்னா சில ஆயிரம். டிஸ்க்கும் சேர்ந்தா பில் ரெண்டு மூணு மடங்கு. தேய்மானத்துக்கு இன்சூரன்ஸ் க்ளெய்ம் கிடையாது. வாரண்டியும் பொதுவா வராது.

எதை வாங்கலாம்? கார் கம்பெனி பெட்டியில வந்தாதான் நல்லதுன்னு இல்ல. பாடியில இருக்கிற பிரேக்ஸ் இந்தியா, கார் கம்பெனிகளுக்கே பிரேக் செஞ்சு கொடுக்குற நிறுவனம், ரானேவும் சென்னைதான். இவங்க பேட் வெளிக்கடையிலயும் கிடைக்கும். உங்க மாடலுக்கான பார்ட் நம்பர் சரியான்னு மட்டும் பாருங்க. பெயர் தெரியாத மலிவு பேட் வேண்டாம். இதுல மிச்சம் பிடிக்கிறதுல எனக்கு உடன்பாடு இல்ல.

மெக்கானிக் "மாத்தணும்"னு சொன்னா, எத்தனை மி.மீ. இருக்குன்னு கேளுங்க, பழைய பேடையும் வாங்கிப் பாருங்க. ஒரு பக்கம் மட்டும் ரொம்ப தேய்ஞ்சிருந்தா காலிப்பர் இறுகியிருக்கலாம்; அதைச் சரிபண்ணாம புது பேட் போட்டா காசு வீண். இடம், வலம் ரெண்டையும் சேர்த்தே மாத்துங்க. வண்டியை எடுக்குறதுக்கு முன்னாடி, பெடலை நாலஞ்சு தடவை அழுத்தி இறுக்கமாகுதான்னு பார்த்துடுங்க.