கேட்டால் சொல்லுங்கள், சொல்லுமுன் கேளுங்கள்!

பணம் கேட்டால் யோசிக்கிற நம்மவர்கள், யோசனை கேட்டால் யோசிப்பதே இல்லை! கேட்காவிட்டாலும் சொல்வார்கள். ரயில்வேயில் பொறியாளனாக இருந்து ஓய்வு பெற்ற எனக்கும் இந்த வியாதி உண்டு.

சில மாதங்களுக்கு முன் பொழியூர் போயிருந்தேன். கேரளக் கடற்கரையின் தென்கோடி ஊர். அதைத் தாண்டினால் குமரி மாவட்டத்து நீரோடி. அங்குள்ள மீனவ நண்பர் வீட்டு வாசல்வரை கடல் மணலை அரித்திருந்தது. பார்த்தவுடன் வாய் சும்மா இருக்குமா?

"கடலுக்குள் நீட்டிக் கருங்கல் போடச் சொல்லி மனு கொடுங்கள்" என்றேன். நம் பக்கத்தில் தூண்டில் வளைவு என்போம், அங்கே புலிமுட்டு.

நண்பர் சிரித்தார். "சாரே, இங்க மட்டும் கல்லு போட்டா எனக்க வீடு நிக்கும், மண்ணு வராம அடுத்த ஆளுக்க வீடு போவும். தெக்க அவங்க கல்லு போட்ட பெறவுதான் இங்க மண்ணு கொறஞ்சது."

எனக்குச் சுருக்கென்றது. கரையோரமாக அலை மணலைக் கொண்டுபோகிறது. குறுக்கே கல் வைத்தால் ஒரு பக்கம் சேரும், மறு பக்கம் அரிக்கும். புத்தகத்தில் படித்தவன் மறந்தேன். வாசலில் படித்தவர் மறக்கவில்லை.

சொல்வது சரியாக இருந்தால் மட்டும் போதாது. நேரத்தில் போய்ச் சேரவும் வேண்டும். ரயில் நிலையத்துக்கு வெகு தொலைவிலேயே டிஸ்டன்ட் சிக்னலை நடுகிறோமே, ஏன்? ஓட்டுநருக்குப் பிரேக் பிடிக்க அவகாசம் வேண்டும். 2017 நவம்பர் 30-ல் ஒக்கி புயல் இந்தக் கரையைத் தாக்கியபோது, பல மீனவர்கள் ஏற்கெனவே ஆழ்கடலில் இருந்தார்கள். கரையில் ஒலித்த எச்சரிக்கை அவர்கள் காதுக்கு எட்டவில்லை. எத்தனையோ பேர் திரும்பவே இல்லை.

"சரி, நான் என்ன செய்யட்டும்?" என்று நண்பரிடமே கேட்டேன். அன்று நான் செய்த ஒரே உருப்படியான காரியம் அதுதான்.

"கடலுக்கு எல்லைக்கல்லு தெரியாது. ரெண்டு சர்க்காரும் சேந்து கரையை அளக்கணும். அதை எழுதித் தாங்க" என்றார்.

அவர் சொன்னார், நான் எழுதினேன். வாழ்நாளெல்லாம் யோசனை சொல்லி வந்தவனுக்கு, கேட்டு எழுதியது புது அனுபவம். அன்பர்களே, நீங்களும் ஒருமுறை செய்து பாருங்களேன்!