தையலறைக்கு வந்த நாயகியர்

பழைய தமிழ்த் திரைப்பட நாயகியரின் உடையழகைப் பேசுவோர் சேலையின் நிறத்தையே முதலிற் சொல்வர். ஆயினும் அந்நாயகியருட் பலர் புகழ்பெற்ற படங்கள் கறுப்பு வெள்ளையில் வந்தவையாதலால், பார்வையாளர் மனத்தில் உண்மையிற் பதிந்தவை இரவிக்கையின் வெட்டும் சேலைக் கரையும் கூந்தல் ஒப்பனையுமே. அந்நாளைய படச்சுருளில் சிவப்பும் பச்சையும் ஏறக்குறைய ஒரே சாம்பலாகத் தெரியக்கூடும் என்பதால், சரிகை, கட்டம், பூவேலை என ஒளியும் நிழலும் மாறிமாறி வரும் துணிகளே திரையில் எடுபட்டன. 'சந்திரலேகா' (1948) நாயகி டி. ஆர். ராஜகுமாரியின் காலத்தில் பரவிய 'பஃப்' கை, அதாவது தோளருகே சுருக்கம் வைத்துப் புடைக்கத் தைத்த கை, நிறமே இல்லாமலும் அடையாளம் காணத்தக்கது.

'காதலிக்க நேரமில்லை' (1964), 'அன்பே வா' (1966) போன்ற ஈஸ்ட்மென் வண்ணப் படங்கள் நிறத்தையும் சேர்த்துக் கொடுத்தன. 'அன்பே வா' நாயகி சரோஜாதேவியின் உடலொட்டிய இரவிக்கையும், கடைக்கண்ணைத் தாண்டி நீட்டிய மையும், சவரி எனப்படும் பொய்முடியை உள்ளே வைத்து உயர்த்திய கொண்டையும் அக்காலத்தின் முத்திரைகள்.

இலங்கையிலோ 1970 முதல் 1977 வரை துணி உட்படப் பல பொருட்களின் இறக்குமதி கடுமையாகக் கட்டுப்படுத்தப்பட்டதுடன், தென்னிந்திய இதழ்களின் வரவும் குறைந்து, திரைப்பட இறக்குமதி 1972இல் தொடங்கிய அரச திரைப்படக் கூட்டுத்தாபனத்தின் கைக்குப் போயிற்று. மட்டக்களப்புக்கு வடக்கே வாவியோரம் உள்ள தன்னாமுனை போன்ற ஊர்களில் நாயகியின் சேலையை அப்படியே வாங்குவது எளிதன்று. ஆனால் சேலைக்கு ஆறு யார் துணி வேண்டியிருக்க, சட்டைக்கு, அதாவது இரவிக்கைக்கு, ஒரு யாரே போதும். ஆகவே கழுத்தை எவ்வளவு இறக்குவது, கையை முழங்கை வரை விடுவதா தோளோடு நிறுத்துவதா என்ற கணக்கில்தான் திரையழகைக் கைக்கொள்ள முடிந்தது. நாயகியைப் போலத் தோன்றுவதற்கு இதைவிடச் சிக்கனமான வழி இல்லை எனலாம். அதே ஆண்டுகளில் மருதமுனை போன்ற ஊர்களின் கைத்தறிக்கும் உள்நாட்டில் நல்ல கேள்வி இருந்தது. கைத்தறிப் பருத்தியோ விறைப்பானது, நைலெக்ஸ் என்ற செயற்கை இழைத் துணி போல உடலோடு வழுக்கி விழாதது, ஆதலால் திரையில் கண்ட சட்டை வெட்டு அதில் சற்று வேறு உருவம் பெறவே செய்யும்.

1977இல் இறக்குமதி திறந்துவிடப்பட்டபின் நைலெக்ஸ் சேலைகள் கடைகளில் குவிந்தன. 1985இல் வெளிவந்த 'பூவே பூச்சூடவா'வுக்குப் பின் தமிழ்நாட்டில் தோடும் வளையலும் சேலையும் அப்பட நாயகி நதியாவின் பெயராலேயே விற்கப்பட்டன. அவற்றை அணிய அளவெடுக்கும் தையற்காரர் தேவைப்படவில்லை.