உப்புப் போடும் முன் ஒரு நிமிஷம்: இத்தாலி நாட்டு புத்தனேஸ்கா



போன மாசம் ஒரு நாள் சாயங்காலம் என் மக முகத்தைத் தொங்கப் போட்டுக்கிட்டு வீட்டுக்கு வந்தா. அவ கேட்டரிங் படிக்கிறா. அன்னிக்கு செய்முறைத் தேர்வு. இத்தாலி நாட்டுச் சமையல் ஒண்ணு செய்யச் சொல்லியிருக்காங்க. ருசி பார்த்தவர், "இது சாஸா, இல்ல கடல் தண்ணியா?" என்று எல்லார் முன்னாலும் கேட்டுவிட்டாராம்.

"அப்படி என்னடி செஞ்சே?" என்றேன்.

"ஸ்பகெட்டி அல்லா புத்தனேஸ்காம்மா."

"அப்படின்னா என்ன அர்த்தம்?"

தலையைக் குனிஞ்சுக்கிட்டா. "அதை மட்டும் கேட்காதம்மா."

சரின்னு விட்டுட்டேன். "என்னென்ன போட்டே? அதையாவது சொல்லு."

"உப்புல போட்ட மீனு, உப்புல ஊறின மொட்டு, உப்புத் தண்ணியில ஊறின ஆலிவ் காய், தக்காளி, பூண்டு, மிளகாய்..."

"அதுக்கு மேல உப்பு போட்டியா?"

"ஒரு ஸ்பூன்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வருஷா வருஷம் மாவடுவும் நார்த்தங்காயும் ஊறப் போடுற வீட்டுல பிறந்த பொண்ணு, இதை யோசிக்கலையே! அந்த வாரம் ரெண்டு பேரும் அவளோட பாடப் புத்தகங்களை வெச்சுக்கிட்டு உட்கார்ந்தோம். தெரிஞ்சுக்கிட்டதை இங்கே எழுதுகிறேன். அவள் சொல்லக் கூச்சப்பட்ட அந்தப் பெயரைப் பற்றியும் கடைசியில் எழுதுகிறேன்.

இது எந்த ஊர்ச் சாப்பாடு?

இத்தாலி நாட்டின் தெற்கே, கடலோரத்தில் நேப்பிள்ஸ் என்ற நகரம் இருக்கிறது. அந்தப் பக்கத்துச் சாப்பாடு இது. ஸ்பகெட்டி என்பது கோதுமை ரவையில் செய்து காய வைத்த நீளமான நூடுல்ஸ். நம்ம சேமியாவைக் கொஞ்சம் தடிமனாக, நீளமாக நினைத்துக்கொள்ளுங்கள். சாதாரணக் கோதுமை இல்லை. டூரம் என்ற கெட்டியான கோதுமை. காய்ந்த பாஸ்தாவை டூரம் ரவையில்தான் செய்ய வேண்டும் என்று இத்தாலியில் 1967ல் சட்டமே போட்டிருக்கிறார்கள். அதனால்தான் அது வெந்தாலும் குழையாமல் நிற்கிறது.

அதன் மேல் போடும் சாஸ்தான் புத்தனேஸ்கா. நம்ம குழம்பு மாதிரி மணிக்கணக்கில் கொதிக்க வேண்டியதில்லை. ஸ்பகெட்டி வேகும் நேரத்தில் சாஸும் தயாராகிவிடும். புதுசாக எதையும் சந்தையில் வாங்க வேண்டாம். வீட்டு அலமாரியில் ஜாடியிலும் டப்பாவிலும் இருப்பதே போதும். திடீரென்று ஆள் வந்துவிட்டால் நாம் வற்றல் குழம்பு வைக்கிறோமே, அந்த மாதிரி.

உப்பிலேயே விளைந்த மூன்று பொருள்

இந்தச் சாஸின் ருசி முழுக்க மூன்று பொருளில் இருக்கிறது. மூன்றும் உப்பில் ஊறியவை. கேப்பரையும் ஆலிவையும் பச்சையாக வாயில் வைத்தால் கசக்கும். உப்பும் காலமும் சேர்ந்துதான் மூன்றுக்கும் இந்த ருசியைக் கொடுக்கின்றன.

முதலாவது ஆன்ச்சோவி மீன். இது நம்ம நெத்திலியின் குடும்பத்தைச் சேர்ந்த சின்ன மீன். ஆனால் நெத்திலிக் கருவாடு மாதிரி வெயிலில் காய வைப்பதில்லை. தலையையும் குடலையும் எடுத்துவிட்டு, ஒரு அடுக்கு மீன், ஒரு அடுக்கு உப்பு என்று வரிசையாக அடுக்கி, மேலே கனமான பாரம் வைத்துவிடுவார்கள். மாசக்கணக்கில் அப்படியே இருக்கும். அந்தச் சமயத்தில் மீனிலுள்ள புரதச் சத்து தானாகவே உடைந்து, நாக்கில் நிற்கிற ஒரு ருசியாக மாறுகிறது. பிறகு முள்ளை எடுத்துவிட்டு எண்ணெயில் போட்டு விற்பார்கள். சிசிலித் தீவில் ஷாக்கா என்ற ஊரில் இந்த மீன் பதப்படுத்தும் ஆலைகள் இருக்கின்றன. அங்கே ஒவ்வொரு மீனாகக் கையில் எடுத்து முள் நீக்கி அடுக்குகிற வேலையைப் பெரும்பாலும் பெண்கள்தான் செய்கிறார்கள்.

இரண்டாவது கேப்பர். இது பழமோ காயோ இல்லை, பூ மொட்டு. நம்ம ஊர் வேலியில் முள்ளோடு படர்ந்து கிடக்குமே ஆதொண்டை, அதன் காயை வற்றல் போடுவோமே, அதற்கு இது நெருங்கிய சொந்தம். கேப்பர் செடி கல்லிடுக்கிலும் வறண்ட மண்ணிலும் வளரும். பூத்துவிட்டால் போச்சு. மொட்டாக இருக்கும்போதே குனிந்து ஒவ்வொன்றாகக் கிள்ள வேண்டும். வெயில் காலம் முழுக்க, சில நாளுக்கு ஒரு தடவை அதே செடிக்குத் திரும்பத் திரும்ப வர வேண்டும். இதற்கு மெஷின் கிடையாது. மொட்டு எவ்வளவு சின்னதோ அவ்வளவு விலை. பச்சை மொட்டு கசக்கும். உப்பில் ஊறின பிறகு கடுகு மாதிரி ஒரு காரமும் மணமும் வரும்.

மூன்றாவது கறுப்பு ஆலிவ். மரத்திலிருந்து பறித்துக் கடித்தால் வேப்பங்காய் கசப்பு. உப்புத் தண்ணீரில் மாசக்கணக்கில் ஊறினால்தான் கசப்பு இறங்கும். நேப்பிள்ஸுக்கு வடக்கே கயேத்தா என்ற ஊர்ப் பக்கம் விளைகிற சின்ன ஆலிவ் இந்தச் சாஸுக்குப் பேர் போனது.

இப்போது புரிகிறதா, என் மக எங்கே தப்பு செய்தாள் என்று? மூன்றிலும் உப்பு ஏற்கெனவே உள்ளே இருக்கிறது. ஸ்பகெட்டி வேகிற தண்ணியிலும் உப்பு. அதுக்கு மேல ஒரு ஸ்பூன் போட்டா கடல் தண்ணி ஆகாம என்ன ஆகும்?

தேவையான பொருட்கள் (4 பேருக்கு)

ஸ்பகெட்டி – 400 கிராம்
ஆன்ச்சோவி – 6 துண்டு
கேப்பர் – 2 மேசைக்கரண்டி
கொட்டை நீக்கிய கறுப்பு ஆலிவ் – 100 கிராம்
தோல் உரித்த பழுத்த தக்காளி – 400 கிராம் (டப்பா தக்காளியும் ஆகும்)
பூண்டு – 3 பல்
காய்ந்த மிளகாய் – 1 அல்லது 2
ஆலிவ் எண்ணெய் – 5 மேசைக்கரண்டி
பார்ஸ்லி இலை – ஒரு கைப்பிடி (பார்க்கக் கொத்தமல்லி மாதிரி இருக்கும், மணம் வேறு)

செய்முறை

1. முதல் வேலை, உப்பை இறக்குவது. உப்பில் புரட்டிய கேப்பர் என்றால் கழுவி, கால் மணி நேரம் நல்ல தண்ணீரில் ஊற வையுங்கள். நடுவில் ஒரு தடவை தண்ணீரை மாற்றுங்கள். வினிகரில் போட்டது என்றால் அலசினால் போதும். உப்பில் அடுக்கிய முழு மீன் என்றால் கழுவி, இரண்டாகப் பிளந்து நடுமுள்ளை எடுத்துவிடுங்கள். எண்ணெயில் போட்டதற்கு இந்த வேலை இல்லை.

2. பெரிய பாத்திரத்தில் 4 லிட்டர் தண்ணீர் கொதிக்க வையுங்கள். இத்தாலிக்காரர்கள் வழக்கமாக லிட்டருக்கு 10 கிராம் உப்புப் போடுவார்கள். இந்தச் சாஸுக்கு அதில் பாதி போதும்.

3. அகலமான வாணலியில் எண்ணெய் ஊற்றி, அடுப்பைச் சிறுதீயில் வையுங்கள். நசுக்கிய பூண்டு, கிள்ளிய மிளகாய், ஆன்ச்சோவி மூன்றையும் போடுங்கள். மரக்கரண்டியால் மீனை அழுத்திவிட்டால் இரண்டு மூன்று நிமிஷத்தில் எண்ணெயில் கரைந்தே போய்விடும். தீ கூடினால் பூண்டு கருகிக் கசந்துவிடும். அவசரப்படாதீங்க.

4. கேப்பரையும் ஆலிவையும் போட்டு ஒரு நிமிஷம் புரட்டுங்கள். பிறகு தக்காளியைக் கையால் பிசைந்து ஊற்றுங்கள். 10 முதல் 12 நிமிஷம் கொதித்தால் பச்சை வாசனை போய்க் கெட்டிப்படும். உப்பு போடக் கூடாது.

5. சாஸ் கொதிக்கும்போதே ஸ்பகெட்டியைக் கொதிதண்ணியில் போடுங்கள். ஒடிக்க வேண்டாம். தானாக வளைந்து இறங்கும். பாக்கெட்டில் போட்டிருக்கும் நேரத்துக்கு ஒன்றிரண்டு நிமிஷம் முன்னாலேயே எடுத்துவிடுங்கள். ஒன்றைக் கடித்துப் பார்த்தால் நடுவில் லேசாகத் தட்டுப்பட வேண்டும். இதை அவங்க பாஷையில் "அல் தெந்தே" என்கிறார்கள். பல்லுக்குத் தெரிகிற பக்குவம் என்று அர்த்தம்.

6. வெந்த தண்ணியை முழுசாகக் கொட்டிவிடாதீங்க! நம்ம வடிகஞ்சி மாதிரி அதில் மாவுச்சத்து இருக்கிறது. ஸ்பகெட்டியைச் சாஸில் போட்டு, அந்தத் தண்ணி ஒரு கரண்டி ஊற்றி, ஒன்றிரண்டு நிமிஷம் நன்றாகப் புரட்டுங்கள். எண்ணெய் தனி, தக்காளி தனி என்று நிற்காமல் சாஸ் ஒவ்வொரு இழையிலும் ஒட்டிக்கொள்ளும்.

7. இப்போதுதான் ருசி பார்க்க வேண்டும். உப்பு குறைந்தால் மட்டும் ஒரு சிட்டிகை. பார்ஸ்லியை நறுக்கித் தூவி, சூடாகப் பரிமாறுங்கள். சீஸ் தூவும் வழக்கம் இதற்கு இல்லை.

உப்பு கூடிவிட்டால் உப்பில்லாத தக்காளி இன்னும் ரெண்டு பிசைந்து ஊற்றிக் கொதிக்க விடலாம். இரத்த அழுத்தம் உள்ளவர்கள் இதை அளவாகச் சாப்பிடுவது நல்லது.

இன்னொரு விஷயம். நேப்பிள்ஸ்காரர்கள் மீன் இல்லாமலே செய்வார்கள். வடக்கே ரோம் நகரத்துப் பக்கம்தான் மீன் கட்டாயம். ஆகவே சைவம் சாப்பிடுகிறவர்களும் இதைச் செய்யலாம். மீனுக்குப் பதில் நெத்திலிக் கருவாடு போடலாமா என்று கேட்பீர்கள். நானும் கேட்டேன். கருவாடு எண்ணெயில் கரையாது, மணமும் வேறு. அது நம்ம கருவாட்டுக் குழம்புக்கே இருக்கட்டும்.

இனி அந்தப் பெயர்

"புத்தனா" என்பது இத்தாலி பாஷையில் பாலியல் தொழிலில் இருக்கிற பெண்ணைக் குறிக்கிற வசவுச் சொல். "புத்தனேஸ்கா" என்றால் அப்படிப்பட்டவளுடைய பாணி. இதைத்தான் என் மக வாயால் சொல்ல முடியாமல் தவித்தாள்.

ஏன் இந்தப் பெயர்? பல கதைகள் இருக்கின்றன. அந்தப் பெண்கள் வேலைக்கு நடுவே அவசரமாகச் சமைத்தது என்கிறது ஒரு கதை. நேப்பிள்ஸுக்கு எதிரே இஸ்கியா என்ற தீவு இருக்கிறது. 1950களில் அங்கே உணவகம் நடத்திய சாந்த்ரோ பெத்தி என்பவர் சொன்னது வேறு. ராத்திரி நேரம் கழித்து வந்த நண்பர்கள், "ஏதாவது ஒண்ணு கிண்டிப் போடுப்பா" என்று அந்தக் கெட்ட வார்த்தையிலிருந்து பிறந்த ஒரு சொல்லால் கேட்டார்களாம். இருந்த தக்காளி, ஆலிவ், கேப்பரைப் போட்டுச் செய்தாராம். ஆனால் இதே மாதிரிச் சாஸ் நேப்பிள்ஸில் அதற்கு முன்பே "மரினாரா", அதாவது கடலோடிகள் பாணி என்ற பெயரில் இருந்திருக்கிறது. புத்தனேஸ்கா என்ற பெயர் 1961ல் ராஃபாயேலே லா காப்ரியா எழுதிய ஒரு நாவலில் அச்சில் வந்தது. 1960களில்தான் பரவியது. ஆக, சாப்பாடு பழசு, பெயர் புதுசு.

அந்தப் பெயர் பரவிய காலத்தை நான் யோசித்துப் பார்த்தேன். அப்போதுவரை இத்தாலியில் அரசாங்கமே லைசென்ஸ் கொடுத்து விபச்சார விடுதிகள் நடந்தன. உள்ளே இருந்த பெண்கள் பெயரைப் போலீஸ் பதிவேட்டில் எழுதி வைப்பார்கள். ஒரு தடவை எழுதிவிட்டால் வேறு வாழ்க்கைக்குப் போவது பெரும்பாடு. இதை எதிர்த்து லீனா மெர்லின் என்ற பெண் செனட்டர் 1948ல் மசோதா கொண்டுவந்தார். கேலி, எதிர்ப்பு எல்லாவற்றையும் தாங்கிப் பத்து வருஷம் போராடினார். 1958ல் சட்டம் நிறைவேறியது. விடுதிகள் மூடப்பட்டன. பெண்ணை வைத்துப் பிழைக்கிறவர்கள்தான் குற்றவாளிகள் என்று அந்தச் சட்டம் சொன்னது.

சமையலுக்குப் பெயர் வைத்துச் சிரித்தவர்கள் ஒரு பக்கம். பெண்ணின் பெயரைப் பதிவேட்டிலிருந்து எடுக்கப் போராடிய பெண் இன்னொரு பக்கம். என் மகளிடம் இதைத்தான் சொன்னேன். "வெட்கப்பட வேண்டியது நீயும் இல்ல, அந்தப் பொம்பளைங்களும் இல்ல."

நமக்கு என்ன பாடம்?

இந்தச் சமையலை நாம் கடை போட்டு விற்கப் போவதில்லை. கேப்பரும் ஆலிவும் டவுன் கடைகளில் பாட்டிலில் கிடைக்கும், விலையும் கூடத்தான். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். சிசிலிக்கும் ஆப்பிரிக்காவுக்கும் நடுவே பாந்தெல்லேரியா என்ற சின்னத் தீவு. காற்றும் கல்லும்தான் அங்கே அதிகம். அந்தத் தீவு விவசாயிகள் கூட்டுறவு சங்கம் வைத்து, கேப்பரைத் தரம் பிரித்து, உப்பிட்டு விற்கிறார்கள். நம்ம புவிசார் குறியீடு மாதிரி, அவர்கள் கேப்பருக்கு 1996ல் ஐரோப்பிய ஒன்றியத்தின் பாதுகாப்புப் பெயர் கிடைத்தது. கசக்கிற ஒரு மொட்டு, உப்பு, பொறுமை, ஒற்றுமை. இதில் எது நம்மிடம் இல்லை?

போன வாரம் என் மகளுக்கு மறுதேர்வு நடந்தது. உப்பு சரியாக இருந்ததாம். "இந்தப் பெயருக்கு என்ன அர்த்தம்?" என்றும் கேட்டிருக்கிறார்கள். இந்தத் தடவை அவள் தலையைக் குனியவில்லை. அர்த்தத்தைச் சொல்லி, லீனா மெர்லின் கதையையும் சேர்த்துச் சொல்லிவிட்டு வந்திருக்கிறாள்.

அடுத்த குழுக் கூட்டத்தில் உங்க வீட்டு உப்பு ஜாடியைப் பற்றிப் பேசுங்க. எந்தக் காய், எவ்வளவு உப்பு, எத்தனை நாள் என்று ஒரு நோட்டில் எழுதி வையுங்க. நம்ம பிள்ளைகளுக்கு அதுவும் ஒரு பாடப் புத்தகம்தான்.