திராட்சைப் பிஸ்கோத்து

தீபாவளிக்குப் பத்து நாள் இருக்கும்போதே நம் வீடுகளில் பலகார வேலை தொடங்கிவிடுகிறது. முறுக்கும் நெய்யுருண்டையும் ஒருபுறம் இருக்க, பிள்ளைகள் கேட்பது திராட்சைப் பிஸ்கோத்து. அதை வீட்டிலேயே சுடும் முறையை இன்று பார்ப்போம்.

கோதுமை மாவு 250 கிராம், மார்ஜரின் 125 கிராம், பொடித்த சீனி 100 கிராம், முட்டை ஒன்று, உலர்ந்த திராட்சை 75 கிராம், பேக்கிங் பவுடர் அரைத் தேக்கரண்டி. இவ்வளவுதான் சாமான். முட்டை வேண்டாதவர்கள் இரண்டு மேசைக்கரண்டி பால் சேர்க்கலாம்.

ஓர் ஆண்டு, திராட்சை நன்றாக உப்பட்டும் என்று இரவு முழுவதும் நீரில் ஊறவைத்தோம். சுட்ட அன்று பிஸ்கோத்து மொறுமொறுப்பாகத்தான் இருந்தது. தீபாவளியன்று உறவினர் முன்னால் டின்னைத் திறந்தால் எல்லாம் நமத்துப் போயிருந்தன. சம்பளத்தில் மிச்சம் பிடித்து வாங்கிய சாமான் வீணாயிற்றே என்று வருந்தினோம்.

காரணம் என்ன? சுட்ட பிஸ்கோத்தில் ஈரம் மிகக் குறைவு, திராட்சையில் அதிகம். மூடிய டின்னுக்குள் திராட்சையின் ஈரம் மெல்ல மெல்லப் பிஸ்கோத்துக்குள் இறங்குகிறது. ஊறவைத்தால் அது இன்னும் கூடுகிறது. ஆகவே, திராட்சையை விரைவாகக் கழுவி, துணியால் துடைத்து, ஒரு மணி நேரம் உலரவிட வேண்டும்.

மார்ஜரினையும் சீனியையும் வெளுத்து வரும்வரை குழைத்து, முட்டையைச் சேர்த்து அடிக்க வேண்டும். பேக்கிங் பவுடருடன் சலித்த மாவையும் திராட்சையையும் போட்டு ஒன்றுசேர்க்க வேண்டும். அதிகம் பிசைந்தால் பிஸ்கோத்து கடினமாகும். நெல்லிக்காய் அளவு உருட்டி, தட்டில் இடைவெளி விட்டு வைத்து, லேசாக அழுத்துங்கள். வெளியே தெரியும் திராட்சையை உள்ளே தள்ளிவிடுங்கள். அதில் பாதிக்கு மேல் சீனிதான். நேரே சூடு பட்டால் கருகிக் கசக்கும்.

முன்பே சூடாக்கிய ஓவனில் 180 டிகிரி செல்சியசில் 15 நிமிடம் சுடலாம். ஓரம் பொன்னிறமானதும் எடுத்துவிடுங்கள். அப்போது மெதுவாகத்தான் இருக்கும். ஆற ஆற இறுகும். ஓவன் இல்லாதவர்கள் கனமான சட்டியில் மணல் பரப்பி, அதன்மேல் தட்டை வைத்து, மூடி, சிறு தீயில் சுடலாம். நேரம் சற்றுக் கூடும்.

நன்றாக ஆறிய பிறகே டின்னில் அடைக்க வேண்டும். சூட்டோடு மூடினால் ஆவி மூடியில் நீராகித் திரும்பவும் பிஸ்கோத்தின் மேலேயே சொட்டும்.

ஒருவேளை நமத்துவிட்டாலும் எறிந்துவிடாதீர்கள். 150 டிகிரியில் ஐந்து நிமிடம் வைத்து ஆறவிட்டால் மொறுமொறுப்பு திரும்பிவிடும். அன்று இது நமக்குத் தெரிந்திருந்தால் அந்த டின் வீணாகியிருக்காது.